மகாராஜாவின் வலது கைப் பக்கம்

1907 ஏப்ரல் 8, திங்கள்

மகாராஜா கொழும்பிலிருந்து திரும்பிவிட்டார். முத்து வாங்கப் போகிறேன் என்று கிளம்பியவர் ஓர் அமெரிக்கனை வாங்கிக்கொண்டு வந்திருக்கிறார்.

மகாராஜா என்று எழுதுகிறேனே தவிர, எங்கள் பூலோக பாண்டியர் பனையடிக்குறிச்சி ஜமீன்தார்தான். பதினெட்டுக் கிராமமும் ஒரு யானையும் வைத்திருந்ததால் மகாராஜா என்று கூப்பிட ஆரம்பித்தோம். யானை போன வருஷம் செத்துப்போயிற்று. கூப்பிடுவதை நிறுத்த யாருக்கும் தைரியம் வரவில்லை.

அமெரிக்கர் பெயர் மிஸ்டர் கார்வர். நாற்பத்தைந்து வயது இருக்கும். நெட்டை ஆள், வெயிலில் மூக்குத் தோல் உரிந்து நிற்கிறது. பெட்டிகள் நாலு, அதில் ஒன்று முழுக்க டென்னிஸ் மட்டை. அவர்கள் தேசத்தில் லான் டென்னிஸ் என்ற ஆட்டம் முளைத்த காலத்திலேயே ஆடி, நியூபோர்ட் என்ற கடற்கரை ஊரில் பெரிய கோப்பைக்கு நின்றவராம். கொழும்பு ஓட்டலில் இதைக் கேட்ட மாத்திரத்தில் மகாராஜா "அமெரிக்கா சாம்பியன் வருகிறார்" என்று எனக்குத் தந்தி அடித்துவிட்டார்.

"சாம்பியன்தானா?" என்று நான் தனியாகக் கேட்டேன். "ஏறக்குறைய" என்றார் கார்வர். அவர் பேசுவது இங்கிலீஷ். எனக்கு ஏற்றபடி தமிழில் எழுதிக்கொள்கிறேன்.

சம்பளம் என்ற பேச்சையே அவர் எதிரில் எடுக்கக் கூடாதாம். காசு வாங்கிக்கொண்டு ஆடுகிறவன் கனவான் ஆகமாட்டானாம், அப்புறம் எந்தப் பந்தயத்திலும் சேர்க்க மாட்டார்களாம். ஆகவே அவர் விருந்தாளி. விருந்தாளிக்குத் தினம் இரண்டு கோழி, ஒரு கூடை முட்டை, பிராந்தி, பங்கா இழுக்க ஓர் ஆள். பேசாமல் சம்பளமே கொடுத்திருந்தால் இதைவிடச் சல்லிசாக முடிந்திருக்கும்.

ஏப்ரல் 9, செவ்வாய்

அரண்மனைக்குப் பின்னால் உள்ள ஆட்டக்களத்தைக் காட்டினேன். "லான் எங்கே?" என்று கேட்டார். லான் என்றால் புல்வெளியாம். பனையடிக்குறிச்சியில் புல் முளைத்தால் ஆடு விட்டுவைக்குமா? செம்மண்ணை இடித்துக் கெட்டியாக்கி, மேலே சாணி மெழுகி, சுண்ணாம்பில் கோடு போட்டிருக்கிறோம். கார்வர் குனிந்து தரையைத் தொட்டு விரலை முகர்ந்தார். என்னவென்று சொன்னேன். கைக்குட்டையை எடுத்து ஒவ்வொரு விரலாகத் துடைத்துக்கொண்டார். ஆனால் ஆடிப் பார்த்த பிறகு, பந்து நன்றாக எழும்புகிறது என்று ஒப்புக்கொண்டார்.

சாயங்காலம் வழக்கம்போல் மகாராஜாவும் நானும் ஆடினோம். என் உத்தியோகத்தின் பெயர் பிரைவேட் செக்ரடரி. காலையில் கடிதம் எழுதுவது, மாலையில் மகாராஜாவிடம் தோற்பது. எட்டு வருஷமாகச் செய்கிறேன். இரண்டாவது வேலைதான் கஷ்டமானது. பந்தை மகாராஜாவின் வலது கைப் பக்கம், ஒரே எட்டில் எட்டுகிற தூரத்தில், இடுப்பு உயரத்துக்கு எழும்பும்படி போட வேண்டும். அங்கே போட்டால் அவர் பிரமாதமாக அடிப்பார். இடது பக்கம் போட்டால் அவர் திரும்ப வேண்டும், திரும்பினால் அரைக்கச்சு அவிழும். எனக்கு முந்தி இருந்த செக்ரடரி ஒரு நாள் மறதியாக இடது பக்கம் போட்டார். இப்போது அவர் கோவில்பட்டியில் பஞ்சு நிறுத்துக்கொண்டிருக்கிறார்.

மேனேஜர் ராமசேஷய்யர்தான் அம்பயர். மகாராஜாவின் பந்து வேலிக்கு அப்பால் போய் விழுந்தாலொழிய எல்லாம் "உள்ளே"தான்.

6–2, 6–3. ஆட்டம் முடிந்ததும் கார்வர் என் பக்கத்தில் வந்து, "எவ்வளவு காலமாகத் தோற்றுக்கொடுக்கிறீர்?" என்று மெதுவாகக் கேட்டார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "ரொம்ப அழகாகச் செய்கிறீர். நானும் அதே தொழிலில் இருந்தவன்" என்றார்.

ஏப்ரல் 13, சனி

வருஷப் பிறப்பு. வேப்பம்பூப் பச்சடி நன்றாக இருந்தது. 6–2, 6–3.

ஏப்ரல் 17, புதன்

விருந்தாளி இன்று தன் கதையைச் சொன்னார். மகாராஜா சாய்வு நாற்காலியில், நான் நின்றுகொண்டு மொழிபெயர்த்தபடி.

அவர்கள் ஊர்ப் பந்தயத்தில் ஒரு வழக்கம். போன வருஷம் ஜெயித்தவன் இந்த வருஷம் எல்லோரோடும் ஆட வேண்டியதில்லை. மற்றவர்களெல்லாம் வாரம் முழுக்க ஒருவரையொருவர் அடித்துத் துவைத்துக்கொள்ள வேண்டும். கடைசியில் மிஞ்சுகிற ஒருத்தன், நுரை தள்ளிப்போய், பழைய சாம்பியனிடம் வருவான். அவனோ அதுவரை குடை நிழலில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தவன். இருவரும் ஒரே ஓர் ஆட்டம் ஆடுவார்கள். இதற்கு சேலஞ்ச் ரவுண்டு என்று பெயர். மூன்று வருஷம் ஜெயித்தவனுக்குக் கோப்பை நிரந்தரம்.

கார்வர் அப்படி ஒரு வருஷம் எல்லோரையும் ஜெயித்துக் கடைசியில் போய் நின்றார். எதிரே அவருடைய உயிர்ச் சிநேகிதன் டிக். அவனுக்கு அது மூன்றாவது வருஷம். அவன் தாயார் சாகக் கிடக்கிறாள், மகன் கோப்பையோடு வருவதைப் பார்த்துவிட்டுக் கண்ணை மூட வேண்டும் என்கிறாள். கார்வர் என்ன செய்வார்? கடைசிப் பந்தை வலையில் அடித்துவிட்டார். ஊரே அறிந்தது, ஒருவரும் வாய் திறக்கவில்லை. அதற்குப் பிறகு அவரை விருந்துக்கு அழைக்காத பெரிய வீடே அந்தக் கடற்கரையில் இல்லையாம்.

தாயார் வந்த இடத்தை நான் இரண்டு தடவை மொழிபெயர்த்தேன். மகாராஜாவுக்கு அந்தத் தாயார் காதிலேயே விழவில்லை.

"வேய் பிள்ளைவாள், மத்தவனெல்லாம் வெயில்ல செத்துட்டு வரணும், சாம்பியன் சும்மா உக்காந்திருக்கலாம்னா சொல்லுதாரு?"

"ஆமா மகாராஜா."

"இதுல்லாவே ஆட்டம்! இத்தன நாளா இதை ஏன்வே எவனும் எங்கிட்ட சொல்லல?"

ஏப்ரல் 20, சனி

மகாராஜா புதிதாக ஆரம்பிக்கும் பனையடிக்குறிச்சிக் கோப்பைப் பந்தயம் மே ஆறாம் தேதி தொடக்கம். அக்கினி நட்சத்திரம் ஆரம்பித்துவிட்டிருக்கும். மகாராஜாதான் நாள் பார்த்தார். பழைய சாம்பியனாக உட்காரப்போவது யார் என்ற கேள்விக்கே இடமில்லை.

முனிசீப், டாக்டர், போலீஸ் இன்ஸ்பெக்டர், இரண்டு வக்கீல்கள் எல்லோரும் சம்மதித்துவிட்டார்கள். சிக்கல் என்னவென்றால் சப் கலெக்டர் பெல்லாமி துரையும் வருகிறேன் என்று எழுதிவிட்டார். வயது இருபத்தாறு. கேம்பிரிட்ஜில் ஆடியவர். யாரிடமும் தோற்றுக்கொடுக்க வேண்டிய அவசியம் அவருக்கு இல்லை.

மகாராஜா என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"தொரைய நீரு ஜெயிச்சிரணும் பிள்ளைவாள்."

"நானா?"

"பொறவு எங்கிட்ட தோத்திரணும். தொர உம்மகிட்ட தோத்தாரு, நீரு எங்கிட்ட தோத்தீரு. அப்ப தொர எங்கிட்ட தோத்த கணக்குத்தானவே?"

மகாராஜாவின் கணக்கில் தப்பு கண்டுபிடிக்க முடியவில்லை. எட்டு வருஷத்தில் முதல் தடவையாக எனக்கு ஜெயிக்க உத்தரவு கிடைத்திருக்கிறது, ஒரு நாளைக்கு மட்டும்.

ஏப்ரல் 22, திங்கள்

விடிந்ததும் கார்வரோடு பயிற்சி. எனக்கு ஜெயிக்கும் ஆசை என்று ஒன்றும் கிடையாது, உத்தரவு என்பதால் போகிறேன். மேலும் காலையில் ஓடுவது வயிற்றுக்கு நல்லது.

வலைக்கு அந்தப் பக்கம் ஒரு கைக்குட்டையைப் போட்டு, அதன் மேல் அடிக்கச் சொன்னார். அடித்தேன். இன்னொரு மூலையில் போட்டார். அங்கேயும் அடித்தேன். கார்வர் கைக்குட்டையை எடுத்து மடித்துப் பையில் வைத்தார். எட்டு வருஷம் பந்தை ஒரே இடத்தில் போட்டுப் போட்டு, எங்கே வேண்டுமானாலும் போடுகிற கை வந்துவிட்டது என்றார். தான் பார்த்த சாம்பியன்களில் பாதிப் பேருக்கு இது வராதாம்.

இதை எழுதிவைக்க வேண்டிய அவசியமில்லை. இருந்தாலும் எழுதிவிட்டேன்.

ஏப்ரல் 26, வெள்ளி

என் சம்சாரம் பிரமுவின் அண்ணன் வீரவநல்லூரிலிருந்து வந்திருந்தார். சாப்பிடும்போது, "மாப்பிளைக்கு அரமனையில என்ன ஜோலி?" என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் ரசம் ஊற்றிக்கொண்டிருந்த அவள் பதில் சொல்லிவிட்டாள்.

"தோக்குத ஜோலி."

அண்ணன் சிரித்துப் புரையேறித் தண்ணீர் குடித்தார். அவர் போன பிறகு நான் கோபித்துக்கொண்டேன்.

"நான் என்னத்தச் சொல்ல?" என்றாள் பிரமு. "கோயிலுக்குப் போனா பொம்பளைகள்லாம் கேக்காளுவ. ஒங்க வீட்டுக்காரரு நேத்து எத்தனைக்கு எத்தனை தோத்தாருன்னு. கலியாணங் கட்டுனதுலேருந்து நீங்க ஒண்ணுல ஜெயிச்சு நான் பாக்கல. ஒரே ஒரு தடவ பாத்துட்டேன்னா போதும்."

சேவகம் என்றால் என்ன, விசுவாசம் என்றால் என்ன என்று விரிவாக எடுத்துச் சொன்னேன். அவள் பாதியிலேயே எழுந்து மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டாள்.

பந்தயத்தை ராணியம்மாவோடு மாடிச் சன்னல் திரைக்குப் பின்னாலிருந்து அவளும் பார்க்கப்போகிறாளாம்.

ஏப்ரல் 30, செவ்வாய்

டாக்டர் வீட்டு விருந்தில் கார்வர் மறுபடி அந்தக் கதையைச் சொன்னார். இந்தத் தடவை சாகக் கிடந்தது டிக்கின் தாயார் இல்லை, டிக்குக்கு நிச்சயம் செய்திருந்த பெண். கடைசிப் பந்து வலையில் படவில்லை, கோட்டுக்கு வெளியே போயிற்று. டாக்டர் மனைவி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கார்வருக்கு இன்னொரு கோழிக்கால் கிடைத்தது.

வருகிற வழியில், போன தடவை தாயார் என்றல்லவா சொன்னீர் என்று கேட்டேன். "இரண்டு பேருக்குமே உடம்பு சரியில்லை" என்றார்.

மே 6, திங்கள்

டாக்டரை ஜெயித்தேன். வெயில் மண்டையைப் பிளக்கிறது. மகாராஜா வெல்வெட் நாற்காலியில், குடைக்கடியில், நன்னாரி சர்பத்தோடு.

மே 7, செவ்வாய்

இன்ஸ்பெக்டர். ஜெயித்தேன். தாம் தோற்றால் என் பேரில் கேஸ் போடுவதாக அவர் விளையாட்டுக்குச் சொன்னார் என்று நினைக்கிறேன்.

மே 8, புதன்

முனிசீப். ஜெயித்தேன். காலில் கொப்புளம். பிரமு விளக்கெண்ணெய் தடவினாள். ராத்திரி சாப்பாட்டில் அப்பளம் இரண்டு அதிகம் இருந்தது.

மே 10, வெள்ளி

பெல்லாமி துரையை ஜெயித்துவிட்டேன்.

வெறும் வாக்கியமாக எழுதினால் மனசு ஆறவில்லை. துரை நல்ல ஆட்டக்காரர், சந்தேகமில்லை. முதல் செட் அவருக்கு. அதற்கப்புறம் அந்தக் கைக்குட்டை ஞாபகம் வந்தது. இந்த மூலையில் ஒன்று, அந்த மூலையில் ஒன்று என்று போட்டேன். துரை ஓடினார். சிவந்தார். மூன்றாவது செட்டில் வழுக்கி விழுந்து எழுந்தபோது அவருடைய வெள்ளைக் கால்சட்டையில் எங்கள் ஊர்ச் சாணி பச்சையாக ஒட்டியிருந்தது. 4–6, 6–4, 6–3. வேலிக்கு வெளியே நின்ற ஜனம் போட்ட சத்தத்தில் காக்கைகள் பறந்தன.

மாடிச் சன்னலில் திரை அசைந்தது. ஒரு வளைக்கை தெரிந்தது. அது பிரமுவின் கைதான், எனக்குத் தெரியும்.

துரை வலைக்கு வந்து கைகொடுத்தார். "உம்மைப்போல ஒருவர் இங்கே என்ன செய்கிறீர்? திருநெல்வேலிக் கலெக்டர் கச்சேரியில் எனக்கு ஒரு ஹெட் கிளார்க் வேண்டும். விருப்பமிருந்தால் சொல்லும்" என்றார்.

நான் பதில் சொல்வதற்குள் மகாராஜா எழுந்து வந்து என் தோளில் கை போட்டார். "நான் பழக்குன ஆளு தொரை" என்று தமிழில் சொன்னார். யானையைப் பற்றியும் இதே வார்த்தையைத்தான் சொல்வார். "நாளைக்குப் பாருங்க, எங்கிட்ட எப்பிடித் தோக்காருன்னு."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அந்தச் சிரிப்பு முகத்தைவிட்டு இறங்கவில்லை. கன்னம் வலித்தது.

நாளை சேலஞ்ச் ரவுண்டு. துரை கேட்டுக்கொண்டதால் ராமசேஷய்யருக்குப் பதில் கார்வர் அம்பயர். ஆக, கோடு இருக்கிற இடத்தில்தான் இருக்கும். வேலை போனால் திருநெல்வேலியில் இன்னொன்று இருக்கிறது. தோற்பதற்கு எட்டு வருஷமாக என்னிடம் இருந்த காரணம் எதுவும் இப்போது இல்லை.

தேவரீர் பூலோக பாண்டியரே, நாளை உம்முடைய இடது கைப் பக்கம் என்று ஒன்று இருப்பதை நீரும் தெரிந்துகொள்வீர்.

மே 11, சனி

தோற்றுவிட்டேன். கை எழுத மாட்டேன் என்கிறது.

மே 12, ஞாயிறு

நடந்தது நடந்தபடி எழுதுகிறேன்.

சர்வீஸ் போட்டேன். மகாராஜா திருப்பி அடித்தார். இடது பக்கம் முழுக்கக் காலியாகக் கிடந்தது. அங்கே அடிக்க வேண்டும் என்று நினைத்தேன், அடித்தேன். பந்து வலது பக்கம் போயிற்று. ஒரே எட்டில் எட்டுகிற தூரம், இடுப்பு உயரம். மகாராஜா வெளுத்து வாங்கினார்.

தற்செயல் என்று நினைத்தேன். அடுத்த பந்தும் அங்கேதான். அதற்கடுத்ததும். துரையோடு ஆடும்போது சொன்னபடி கேட்ட கை, எதிரே அந்த ஜரிகைத் தலைப்பாகையைப் பார்த்ததும் தன் பாட்டுக்கு வேலை செய்தது. அந்த ஒரு பந்தை அடிப்பதில் மகாராஜாவை மிஞ்ச ஆளில்லை. எட்டு வருஷமாகத் தினமும் அதை ஊட்டி வளர்த்தவன் நான்தானே.

முதல் செட் 6–4, மகாராஜாவுக்கு.

இரண்டாவது செட்டில் ஒரு யோசனை தோன்றியது. அவரைப் பார்க்காமல், பின்னால் நின்ற வேப்பமரத்தை மட்டும் பார்த்து அடித்தேன். பந்து இடது பக்கம் போயிற்று! மகாராஜா திரும்பினார், கச்சு அவிழ்ந்தது, ஒரு கையால் பிடித்துக்கொண்டு ஓடினார். 6–3, எனக்கு. வேலிக்கு வெளியே நின்ற ஜனம் மகாராஜாவின் முகத்தைப் பார்த்தது.

பக்கம் மாறும்போது மகாராஜா தண்ணீர்ச் செம்போடு என் அருகில் வந்தார். கோபம்தான் என்று நினைத்தேன். காதுக்குள் சொன்னார்:

"ரெண்டாவதை விட்டுக்கொடுக்காம எடுத்தீரே, நல்ல யோசனைவே. அப்பத்தான் தொர நம்புவான். அந்த மொகத்த எப்பிடி அவ்வளவு வெறியா வச்சிருக்கீரு? பெரிய நடிகன்வே நீரு."

இந்த ஓர் ஆட்டத்துக்கு மட்டும்தான் தோற்கச் சொன்னார் என்று நினைத்தேன், இத்தனை வருஷமாக நான் தோற்றுக்கொடுத்ததும் அவருக்குத் தெரிந்துதான் இருந்திருக்கிறது! நான் அவரை ஏமாற்றிக்கொண்டிருக்கிறேன் என்று அனுதாபப்பட்டேனே, என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். அந்தக் கோபத்தில் மூன்றாவது செட்டை ஆடினேன். கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது, வாரம் முழுக்க ஓடிய கால். அவருக்கோ வாரம் முழுக்கச் சர்பத். ஐந்துக்கு ஐந்து. அப்புறம் அவருக்கு ஆறு.

கடைசிப் பந்து. மகாராஜா தவறுதலாக மேலே தூக்கி அடித்துவிட்டார். அது மெதுவாக என் முன்னால் இறங்கியது. அவர் வலது ஓரத்தில் தடுமாறி நின்றார். இடது பக்கம் ஒரு மாட்டுவண்டி திரும்பும் அளவுக்கு இடம். எனக்கு நேரமும் நிறைய இருந்தது. வேப்பமரத்தைப் பார்த்திருக்கலாம். நான் அவரைப் பார்த்துவிட்டேன்.

பந்து அவர் கைக்கே போயிற்று. அவர் அடித்தார். 7–5.

பூலோக பாண்டியர் தம் வாழ்நாளில் உண்மையாக ஜெயித்த ஆட்டம் அது ஒன்றுதான். அது அவருக்குத் தெரியவே தெரியாது. எல்லோர் எதிரிலும் என்னைக் கட்டிக்கொண்டு, "தத்ரூபம்வே, தத்ரூபம்" என்று காதில் சொல்லி, விரலில் இருந்த சிவப்புக்கல் மோதிரத்தைக் கழற்றி எனக்குப் போட்டார். ஜனம் என் விசுவாசத்தைப் பார்த்து மெய்சிலிர்த்தது.

விருந்தில் பெல்லாமி துரையைத் தேடிப் போனேன். அவர் மரியாதையாகவே பேசினார். எஜமானிடம் இவ்வளவு பற்று இருப்பது போற்றத்தக்கது என்றார். ஆனால் ஆட்டத்தை விட்டுக்கொடுக்கிறவரைக் கச்சேரியில் வைத்துக்கொள்ளத் தமக்கு மனம் வரவில்லை, நேர்மை என்று ஒன்று இருக்கிறதல்லவா என்றார். "நான் விட்டுக்கொடுக்கவில்லை ஐயா" என்றேன். அவர் சிரித்து என் முதுகில் தட்டினார்.

வீட்டில் பிரமு இலை போட்டுக் காத்திருந்தாள். மோதிரத்தைப் பார்த்தாள்.

"ஒங்க வீட்டுக்காரரு மாதிரி விசுவாசி ஒலகத்துல கெடையாதுன்னு ராணியம்மா சொன்னாங்க" என்றாள். குரலில் உப்பும் இல்லை, உறைப்பும் இல்லை.

"பிரமு, நான் ஜெயிக்கத்தான் பார்த்தேன்."

அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அப்புறம் சிரித்தாள். முந்தானையை வாயில் வைத்து, கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள்.

"அந்தத் தொந்தியவா ஒங்களால ஜெயிக்க முடியல? எங்கிட்டயுமா கத வுடணும்? இத வெளிய சொல்லிராதிய, மோதிரத்தத் திருப்பிக் கேட்டுருவாரு."

எனக்கு அழுகை வந்தது. ரசம் உறைப்பு என்று சொல்லிவைத்தேன்.

மே 15, புதன்

கார்வர் நாளை கிளம்புகிறார். புதுக்கோட்டைப் பக்கம் ஒரு மிராசுதார் கூப்பிட்டிருக்கிறாராம். அங்கேயும் விருந்தாளிதான்.

பெட்டி கட்ட உதவப் போனேன். மட்டைகளைத் துணியில் சுற்றிக்கொண்டே, முகத்தைப் பார்க்காமல் கேட்டார்: "நீர் உண்மையாகவே முயற்சி செய்தீர், இல்லையா?"

இதைக் கேட்ட ஒரே மனிதர் அவர்தான். ஆமாம் என்றேன்.

அவர் ஒரு மட்டையைச் சுற்றி முடித்தார். இன்னொன்றை எடுத்தார். பிறகு சொன்னார்:

"டிக்கின் தாயாருக்கு ஒரு நோயும் இல்லை. முன் வரிசையில் உட்கார்ந்து ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்."

"நிச்சயம் செய்த பெண்?"

"அப்படி யாரும் கிடையாது. நான் நெஞ்சு வெடிக்க ஓடினேன். ஜெயிப்பதைத் தவிர வேறு நினைப்பே இல்லை. தோற்றேன். அன்று சாயங்காலம் விருந்தில் ஒரு கிழவி, 'சிநேகிதனுக்காக விட்டுக்கொடுத்தாய்தானே?' என்று கேட்டாள். நான் ஆமாம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. கொஞ்சம் சிரித்தேன். அவ்வளவுதான். அதற்கப்புறம் எந்தப் பந்தயத்திலும் என்னால் இரண்டாவது சுற்றைத் தாண்ட முடியவில்லை. ஆனால் விருந்துக்குக் குறைவில்லை. இருபது வருஷமாக அந்தச் சிரிப்புதான் எனக்குச் சோறு போடுகிறது."

பெட்டியைப் பூட்டினார். எப்படிச் சிரிக்க வேண்டும் என்று எனக்கு ஒரு தடவை காட்டினார். கண்ணைக் கொஞ்சம் தாழ்த்திக்கொள்ள வேண்டும். பல் தெரியக் கூடாது.

அவரைப் பிடித்து அறைய வேண்டும்போல இருந்தது. வண்டிவரை போய் வழியனுப்பிவிட்டுத்தான் வந்தேன்.

மே 20, திங்கள்

கோர்ட் விஷயமாகத் திருநெல்வேலி போனேன். ரயிலில் ஒரு வக்கீல் என்னை அடையாளம் கண்டுகொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். தம் டிபன் டப்பாவைத் திறந்து இட்லி கொடுத்தார். மோதிரத்தைத் தொட்டுப் பார்த்தார்.

"சப் கலெக்டரையே மண்ணைக் கவ்வ வச்ச ஆளு நீங்க. ஜமீன்தார்கிட்ட வேணும்னுதானே விட்டிய? சும்மா சொல்லுங்க, யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்."

நான் ஆமாம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை.

அவர் இன்னும் இரண்டு இட்லி வைத்தார்.

மே 21, செவ்வாய்

மகாராஜா என்னை ஹுசூர் செக்ரடரி என்று பதவி உயர்த்தியிருக்கிறார். வேலை அதேதான். இன்னும் இரண்டு வருஷம் ஜெயித்தால் பனையடிக்குறிச்சிக் கோப்பை அவருக்கே நிரந்தரமாம். எதிராளியாக என்னைத் தவிர யாரையும் நினைத்துப் பார்க்க முடியவில்லை என்றார்.

சாயங்காலம் ஆட்டம். ராமசேஷய்யர் அம்பயர். 6–2, 6–3.

இன்று நான் வேண்டுமென்றேதான் தோற்றேன்.